பொன்னியின் செல்வனுக்கு அப்புறம் என்ன படிக்கலாம்?

ஐந்து பாகங்களையும் முடித்துவிட்டீர்கள். அடுத்து கதை, வரலாறு, பண்பாடு என்று மூன்றும் கலந்து ஒரு பத்துப் புத்தகம் சொல்லச் சொல்கிறீர்கள். வெறும் சரித்திர நாவல்களாகவே அடுக்க வேண்டாம் என்பது உங்கள் நிபந்தனை. எனக்கும் அதுதான் சரியென்று படுகிறது. பொன்னியின் செல்வன் முடித்த கையோடு அதே மாதிரி இன்னொன்று தேடிப் போகிறவர்கள் பலர், மூன்றாவது குதிரை வீரனைப் பார்த்ததும் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள்.

பத்தைத் தனித்தனியாகச் சொல்வதைவிட ஜோடி ஜோடியாகச் சொல்கிறேன். ஒரு நாவல், அது எந்த மண்ணில், எந்தக் காலத்தில் நடக்கிறதோ அதைப் பற்றிய ஒரு வரலாற்று நூலோ ஆவணமோ கட்டுரைத் தொகுப்போ. இரண்டையும் மாற்றி மாற்றிப் படித்தால் நாவலாசிரியர் எதை எடுத்தார், எதை விட்டார், எங்கே தானாக இட்டுக்கட்டினார் என்பது தெரிய வரும். தனியாகப் படிக்கும்போது கிடைக்காத சுவை அது.

முதல் ஜோடியில் பாதியை ஏற்கெனவே முடித்துவிட்டீர்கள். கல்கி பொன்னியின் செல்வனைத் தொடராக 1950 அக்டோபரிலிருந்து 1954 மே வரை எழுதினார். அதற்குச் சற்று முன், 1949இல் தி. வை. சதாசிவ பண்டாரத்தாரின் 'பிற்காலச் சோழர் சரித்திரம்' முதல் பாகம் அண்ணாமலைப் பல்கலைக்கழக வெளியீடாக வந்தது. கே. ஏ. நீலகண்ட சாஸ்திரியின் சோழர் வரலாறு ஆங்கிலத்தில் 1935, 1937 என்று இரண்டு தொகுதிகளாக வந்து, திருத்திய பதிப்பு 1955இல் வந்தது. தமிழிலும் 'சோழர்கள்' என்ற பெயரில் கிடைக்கிறது. இரண்டில் பண்டாரத்தாரை முதலில் எடுங்கள். அளவு குறைவு, தமிழ் நேர்த்தியானது, கல்வெட்டு வரிகளை அடிக்குறிப்பில் அப்படியே தருவார்.

அதில் ஆதித்த கரிகாலன் கொலையைப் பற்றிய பகுதிக்கு நேராகப் போங்கள். காட்டுமன்னார்கோயிலை ஒட்டிய உடையார்குடியில் அனந்தீஸ்வரர் கோயில் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டு. கரிகாலனைக் கொன்ற துரோகிகளின் சொத்துகளையும் அவர்கள் உறவினரின் சொத்துகளையும் கைப்பற்றச் சொல்லி ஊர்ச் சபைக்கு அனுப்பிய ஆணை அதில் வருகிறது. சோமன், இரவிதாசன், பரமேசுவரன் என்று பெயர்களும் உண்டு. நாவலில் நள்ளிரவில் காட்டில் கூடி ஆந்தைபோலக் கத்தும் அதே ரவிதாஸன்தான். ஆனால் கல்வெட்டில் அவன் மந்திரவாதி இல்லை. 'பஞ்சவன் பிரமாதிராசன்' என்ற பட்டம் பெற்ற பிராமண அதிகாரி. பஞ்சவன் என்றால் பாண்டியன். அரசுப் பட்டம் வாங்கியவன் இளவரசனைக் கொன்றிருக்கிறான் என்றால் கதை வேறு மாதிரி ஆகிவிடுகிறது, இல்லையா?

அடுத்த சிக்கல் இன்னும் ருசியானது. கொலை நடந்தது ஏறத்தாழ 969இல். இராசராசன் பட்டத்துக்கு வந்தது 985இல். நடுவில் ஆண்டவர் உத்தம சோழர், அதாவது செம்பியன் மாதேவியின் மகன் மதுராந்தகர். கொலையாளிகளின் சொத்துப் பறிமுதல் அவர் காலம் முடிந்த பிறகும் ஏன் நீண்டது? நீலகண்ட சாஸ்திரி உத்தம சோழர் மீதே சந்தேகப்பட்டார். பண்டாரத்தார் அதை ஏற்கவில்லை. இந்த வழக்கைக் கல்கி தீர்த்த விதத்தை இப்போது யோசித்துப் பாருங்கள். மதுராந்தகனை இரண்டாகப் பிரித்துவிட்டார்! அரியணைக்கு ஆசைப்படுகிற பொய் மதுராந்தகன் ஒருவன், பூக்கட்டித் தொண்டு செய்யும் சேந்தன் அமுதன் இன்னொருவன். சந்தேகத்தையெல்லாம் முதலாமவன் தலையில் போட்டுவிட்டு, செம்பியன் மாதேவியின் மகனைக் கறைபடாமல் சிம்மாசனத்தில் உட்கார வைத்துவிட்டார். படிக்கும்போது சினிமாத்தனமாகத் தெரிந்த குழந்தை மாற்றம், வரலாற்று நூலைப் படித்த பிறகு கெட்டிக்காரத்தனமாகத் தெரியும்.

இராசராசன் பட்டமேறிய பிறகு என்ன ஆயிற்று என்று ஆவல் இருந்தால், குடவாயில் பாலசுப்ரமணியன் தஞ்சைப் பெரிய கோயிலைப் பற்றி எழுதிய 'இராஜராஜேச்சரம்' பாருங்கள். 1010இல் முடிந்த அந்தக் கோயிலுக்குப் பல ஊர்க் கோயில்களிலிருந்து நானூறு தளிச்சேரிப் பெண்டுகளை (கோயிலில் ஆடிப்பாடித் தொண்டு செய்த பெண்களை) வரவழைத்து, ஆளுக்கொரு வீடும் ஆண்டுக்கு நூறு கலம் நெல்லும் கொடுத்ததைச் சுவரிலேயே வெட்டி வைத்திருக்கிறார்கள், ஒவ்வொருத்தியின் பெயரோடும் வீட்டு எண்ணோடும். பெருமிதமா சங்கடமா என்று உங்களுக்கே குழப்பமாக இருக்கும்.

சரி, சோழநாட்டை விட்டுக் கொஞ்சம் வடக்கே வருவோம். என்னைக் கேட்டால் இந்தப் பட்டியலில் ஆகச் சிறந்த ஜோடி புதுச்சேரிதான்.

ஆனந்தரங்கப் பிள்ளை 1709இல் பிறந்தவர். பிரெஞ்சுக் கம்பெனியின் வணிகராக இருந்து, பிறகு ஆளுநர் துய்ப்ளேக்ஸின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராகவும் இடைத்தரகராகவும் உயர்ந்தவர். 1736 செப்டம்பர் 6 முதல் நாட்குறிப்பு எழுதத் தொடங்கி, 1761 ஜனவரியில் சாகும் காலம் வரைக்கும் எழுதினார். அவர் இறந்த சில நாட்களில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் விழுந்தது. கால் நூற்றாண்டுக் கதை அது. கப்பல் வந்த செய்தி, துணிச் சரக்கு, யார் யாருக்கு எவ்வளவு கொடுத்தார்கள், ஆளுநர் அன்றைக்கு என்ன மனநிலையில் இருந்தார், நவாப் வீட்டு விவகாரம், ஊர்வம்பு எல்லாம் ஒரே மூச்சில் வரும். 1846இல் கலுவா-மோம்பிரேன் என்ற பிரெஞ்சுக்காரர் அந்தக் கையெழுத்துச் சுவடிகளைத் தேடிப் பிடித்தார். 1904 முதல் 1928 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கிலத்தில் வந்தது. தமிழிலும் இப்போது கிடைக்கிறது.

பன்னிரண்டையும் வாங்காதீர்கள். வாங்கினால் படிக்க மாட்டீர்கள். நூலகத்தில் 1746, 1748 ஆகிய ஆண்டுகள் அடங்கிய தொகுதிகளை மட்டும் எடுங்கள். 1746இல் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லபூர்தொனே சென்னையை ஆங்கிலேயரிடமிருந்து பிடிக்கிறான். பிடித்த ஊரை என்ன செய்வது என்று அவனும் துய்ப்ளேக்ஸும் ஒருவரை ஒருவர் கடித்துக்கொள்கிறார்கள், பிள்ளை பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறார். 1748இல் ஆங்கிலேயர் புதுச்சேரியை முற்றுகையிட்டிருக்கும் நேரத்தில் வேதபுரீஸ்வரர் கோயில் இடிக்கப்படுகிறது. பிள்ளை மனம் நொந்து எழுதுகிறார். துய்ப்ளேக்ஸின் மனைவிதான் காரணம் என்று குற்றம் சாட்டுகிறார். ஆனால் மறுநாளும் துய்ப்ளேக்ஸிடம்தான் போய் நிற்கிறார். அதிகாரத்தின் பக்கத்தில் நின்ற மனிதன் தன்னை எப்படிச் சமாதானம் செய்துகொள்கிறான் என்பதை இவ்வளவு வெளிப்படையாகக் காட்டும் புத்தகம் தமிழில் இன்னொன்று எனக்குத் தெரியவில்லை. பொக்கிஷம் என்று சொல்லிச் சொல்லியே படிக்காமல் வைத்திருக்கிறோம்.

இதற்கு ஜோடி பிரபஞ்சனின் 'மானுடம் வெல்லும்', 'வானம் வசப்படும்' என்ற இரண்டு நாவல்கள். முன்னதில் துய்ப்ளேக்ஸுக்கு முந்தைய ஆளுநர் துய்மாவின் காலம், பின்னதில் துய்ப்ளேக்ஸ் காலம். பின்னதற்குத்தான் 1995இல் சாகித்திய அகாதெமி விருது. பிரபஞ்சன் புதுச்சேரிக்காரர், அந்தத் தெருக்களிலேயே வளர்ந்தவர். நாட்குறிப்பை மேசையில் வைத்துக்கொண்டுதான் எழுதியிருப்பார் என்று ஒவ்வொரு அத்தியாயத்திலும் தோன்றும். ஆனால் அவர் கண் போகும் திசை வேறு. பிள்ளைக்கு ஆளுநர் மாளிகை எப்படியோ, இவருக்கு தேவரடியார் வீடும் திண்ணையும் தெருவும் அப்படி. பிள்ளை ஒரு வரியில் கடந்து போன ஆட்களை நிறுத்தி உட்கார வைத்துப் பேசவிடுகிறார். நடையும் கொஞ்சம் பழந்தமிழ்த் துபாஷி நடைதான், முதல் முப்பது பக்கம் தடுக்கும், பிறகு பழகிவிடும்.

ஒரே ஒரு குறை உண்டு. அரசர்கள், தளபதிகள் பற்றி வரும் இடங்களில் 'வானம் வசப்படும்' சில நேரம் நாட்குறிப்பின் சுருக்கம்போல ஆகிவிடுகிறது. அந்தப் பக்கங்களில் மூலத்தைப் படிப்பதே மேல். மனிதர்களுக்கு 'மானுடம் வெல்லும்', அரசியலுக்கு நாட்குறிப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். முடித்துவிட்டுப் புதுச்சேரி போகிறவர்கள் ரங்கப்பிள்ளை வீதியில் அவர் மாளிகை இன்னும் நிற்பதையும் பார்க்கலாம்.

அடுத்தது பத்தொன்பதாம் நூற்றாண்டு. இங்கே நாவலைத் தேட வேண்டாம், உ. வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்' இருக்கிறது. தமிழ்த் தாத்தா சுவடி தேடி அலைந்தார் என்று பள்ளிக்கூடத்தில் படித்ததோடு பலரும் நிறுத்திக்கொள்கிறோம். புத்தகத்தில் அந்தப் பகுதி பாதிக்கு மேல் போய்த்தான் வருகிறது. முன்பாதி முழுக்க ஒரு ஏழைக் குடும்பம் சோற்றுக்கும் படிப்புக்கும் ஊர் ஊராக மாறிக்கொண்டே இருக்கும் கதை. அப்பா சங்கீதம் தெரிந்தவர், இராமாயணக் கதை சொல்லி வரும் நெல்லில் குடும்பம் நடக்கிறது. மகனுக்குச் சங்கீதம் வர வேண்டும் என்பது அப்பாவின் ஆசை. மகனுக்கோ தமிழ்ப் பைத்தியம். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் போய்ச் சேருகிறார். ஓர் ஆசிரியரைப் பற்றி மாணவர் எழுதியதில் இதற்கு இணையாக எதையும் நான் படித்ததில்லை. அந்த மகாவித்துவான் கடன்பட்டே காலம் தள்ளினார் என்பதையும் அவர் மறைக்கவில்லை.

1880இல் கும்பகோணம் கல்லூரியில் வேலை கிடைக்கிறது. அதே ஆண்டு ஊருக்கு முன்சீபாக (உரிமையியல் நீதிபதியாக) வந்த சேலம் இராமசுவாமி முதலியாரைப் போய்ப் பார்க்கிறார். என்னென்ன படித்திருக்கிறீர்கள் என்று கேட்கிறார் முதலியார். இவர் அந்தாதி, பிள்ளைத்தமிழ், கோவை என்று அடுக்குகிறார், கேட்டவர் அசரவே இல்லை. சீவக சிந்தாமணி படித்திருக்கிறீர்களா என்று அவர் கேட்கும்போதுதான் இவருக்குத் தூக்கிவாரிப் போடுகிறது. தமிழெல்லாம் தெரியும் என்று நம்பிக்கொண்டிருந்த மனிதருக்கு அதன் பழைய பாதி தெரியவில்லை! அங்கே தொடங்கி, 1887இல் சிந்தாமணி, 1889இல் பத்துப்பாட்டு, 1892இல் சிலப்பதிகாரம், 1894இல் புறநானூறு, 1898இல் மணிமேகலை. ஆனந்த விகடனில் தொடராக எழுதிக்கொண்டிருக்கும்போதே 1942இல் காலமாகிவிட்டார், அதனால் புத்தகம் பாதியில் நிற்கும். அதைக் குறையாக நினைக்கத் தோன்றாது.

இதோடு சேர்த்துப் படிக்க ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'அந்தக் காலத்தில் காப்பி இல்லை' பொருத்தம். காப்பி, புகையிலை, கருத்துப்படம் என்று நாம் வரலாறாகவே நினைக்காத விஷயங்களுக்கு வரலாறு எழுதிய கட்டுரைகள். காப்பி தமிழ் வீட்டுக்குள் நுழைந்தபோது எவ்வளவு பதற்றம் உண்டாக்கியது, காப்பி யாருடைய பானமாகவும் தேநீர் யாருடைய பானமாகவும் ஆனது என்பதை நாவல், பத்திரிகை, விளம்பரம் எல்லாவற்றிலிருந்தும் சான்று எடுத்துக் காட்டுகிறார். ஆய்வாளர்தான், ஆனால் கிண்டல் தெரிந்த ஆய்வாளர். இவரே எழுதிய 'திருநெல்வேலி எழுச்சியும் வ.உ.சி.யும் 1908' 2024ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருது வாங்கியது. வ.உ.சி.யைக் கைது செய்த மறுநாள், 1908 மார்ச் 13 அன்று திருநெல்வேலியில் ஜனங்கள் கொந்தளித்த கதை. தலைவர் சிறைக்குப் போன பிறகு பெயர் தெரியாத மனிதர்கள் என்ன செய்தார்கள், அவர்களுக்கு என்ன ஆயிற்று என்று அதில்தான் விரிவாகப் பார்க்கலாம். இதைப் பட்டியலில் எண்ணிக்கொள்ளவில்லை. பிடித்தால் தொடருங்கள்.

தெற்கே கரிசலுக்குப் போனால் கி. ராஜநாராயணன். 'கோபல்ல கிராமம்' 1976இல் வந்தது. ஒரே நாளில் படித்துவிடலாம். தெலுங்கு தேசத்திலிருந்து ஒரு பெண்ணைக் காப்பாற்றத் தப்பி ஓடிவந்த குடும்பங்கள் தெற்கே காடு திருத்தி ஊராகிற கதை. அதைச் சொல்வது நூற்று முப்பத்தேழு வயதுக் கிழவி மங்கத்தாயாரு. கல்கியின் சரித்திரக் கதையில் எப்போதும் அரசனின் முடி யார் தலைக்கு என்பதுதான் கேள்வி. இங்கே அரசன் என்று யாருமே இல்லை. பாளையக்காரர் ஆட்சி போய்க் கும்பினி (கிழக்கிந்தியக் கம்பெனி) ஆட்சி வந்தது தூரத்துச் செய்தி. தீவட்டிக் கொள்ளைக்காரனைச் சமாளிப்பது, திருடனுக்குத் தண்டனை கொடுப்பது எல்லாம் ஊரார் பொறுப்பு. அந்தத் தண்டனை கழுவேற்றம். கி.ரா. அதை வேடிக்கைப் பேச்சுக்கு நடுவிலேயே சொல்லிப் போவார், படிக்கிறவருக்குத்தான் வயிற்றைக் கலக்கும். இதன் தொடர்ச்சி 'கோபல்லபுரத்து மக்கள்' 1991இல் சாகித்திய அகாதெமி விருது வாங்கியது. எனக்கு முதல் நூலே போதும்.

இதற்குத் துணையாகத் தொ. பரமசிவனின் 'அறியப்படாத தமிழகம்'. உப்பு, எண்ணெய், தேங்காய், உடை, பல்லாங்குழி என்று இரண்டு மூன்று பக்கக் கட்டுரைகள். பல்லாங்குழியில் எல்லாருக்கும் சமமாகக் காய் கொடுத்துத் தொடங்கி ஒருவர் கையில் எல்லாம் சேர்ந்து மற்றவர் தோற்பதை, தனிச்சொத்து உருவான கதையோடு சேர்த்துப் பார்ப்பார். படித்த பிறகு அந்தப் பலகையை முன்போல விளையாட முடியாது. ஆனால் அவர் முடிவுகளையெல்லாம் அப்படியே வாங்கிக்கொள்ள வேண்டியதில்லை. சில இடங்களில் ஒரு சொல்லோ ஒரு சடங்கோ கிடைத்ததும் ஆயிரம் ஆண்டு தாண்டிக் குதித்துவிடுவார். சான்றுகளை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி வாதிடும் பரமசிவன் வேண்டுமென்றால் அவருடைய முனைவர் பட்ட ஆய்வான 'அழகர் கோயில்' இருக்கிறது. வைணவக் கடவுள் கள்ளர் வேடத்தில் மதுரைக்கு வருவதை வைத்து, கோயிலுக்கும் சுற்றுவட்டாரச் சாதிகளுக்கும் உள்ள உறவை ஊர் ஊராகப் போய் விசாரித்து எழுதியது. சித்திரைத் திருவிழா பார்த்தவர்களுக்கு அது விருந்து.

காவிரிக்கரை வேண்டுமானால் சா. கந்தசாமியின் 'சாயாவனம்' (1969). சர்க்கரை ஆலை கட்டுவதற்காக ஒருவன் தோட்டத்தையும் வனத்தையும் வெட்டி எரித்து அழிக்கிறான், அவ்வளவுதான் கதை. சின்ன நாவல். பக்கத்தில் வைக்க, தி. ஜானகிராமனும் சிட்டியும் காவிரி நெடுகப் பயணம் செய்து எழுதிய 'நடந்தாய் வாழி காவேரி'.

கடைசியாகக் கடல் கடந்து ஒன்று. ப. சிங்காரம் இரண்டே நாவல்கள் எழுதினார். இரண்டாவதான 'புயலிலே ஒரு தோணி' பல ஆண்டுகள் பதிப்பாளர் கிடைக்காமல் கிடந்து 1972இல் வந்தது. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் சுமத்ராவின் மெடான் நகருக்குள் நுழைவதில் தொடங்குகிறது. செட்டியார் வட்டிக்கடையில் வேலை பார்க்கப் போன பாண்டியன், தொங்கான் என்ற பாய்மரக் கப்பலில் ஏறிப் புயலில் சிக்கிப் பினாங்கு போய்ச் சேர்ந்து இந்திய தேசிய ராணுவத்தில் சேருகிறான். மேலாள், அடுத்தாள், பெட்டியடிப் பையன் என்று அந்தக் கடைகளின் அடுக்குமுறை, கூடவே மலாய், சீனம், டச்சுச் சொற்கள், நடுவில் மதுவிடுதியில் உட்கார்ந்து பழந்தமிழ்ப் பெருமையைக் கிழித்துத் தோரணம் கட்டும் பேச்சு. சோழர் கடற்படை கடாரம் வென்ற பெருமையோடு பொன்னியின் செல்வனிலிருந்து வருகிறவர்களுக்கு இது தேவையான மருந்து. அதே கடலில் இருபதாம் நூற்றாண்டில் தமிழன் வட்டிக்கணக்கு எழுதவும் ரப்பர் மரம் சீவவும்தான் போனான்.

இந்த நாவலுக்கு வெளியே நிற்பவர்கள் தோட்டத் தொழிலாளர்கள். அவர்களுக்கு மலேசிய எழுத்தாளர் அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்'. 1942-43இல் சயாமிலிருந்து (இன்றைய தாய்லாந்து) பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட ஜப்பானியர் மலாயாத் தோட்டங்களிலிருந்து அள்ளிக்கொண்டு போன தமிழர்களின் கதை. போர்க்கைதிகளாக இருந்த வெள்ளைக்காரச் சிப்பாய்களைப் பற்றி உலகத்துக்கே தெரியும். ஆயிரமாயிரமாகச் செத்த தமிழர்களுக்குப் பெயர்ப்பட்டியல்கூட ஒழுங்காக இல்லை. நாவலாக அது சிங்காரத்தின் உயரத்தில் இல்லை, வசனம் நீளும். ஆனால் வேறெங்கும் எளிதில் கிடைக்காத விவரம் அதில் இருக்கிறது.

வரிசை கேட்பீர்கள். முதலில் 'கோபல்ல கிராமம்', பிறகு 'அறியப்படாத தமிழகம்', இரண்டும் சின்னவை, கை பழகும். அப்புறம் பண்டாரத்தாரில் அந்த ஒரு பகுதி மட்டும். பொன்னியின் செல்வன் நினைவில் பசுமையாக இருக்கும்போதே அதைப் படித்துவிட வேண்டும். பின்பு 'மானுடம் வெல்லும்', கையோடு நாட்குறிப்பு ஒரு தொகுதி. 'என் சரித்திரம்' எப்போதும் தலைமாட்டில் இருக்கட்டும், தினம் ஓர் அத்தியாயம், தொடராக எழுதியதால் அளவு அதற்குத் தோதாக இருக்கும். 'புயலிலே ஒரு தோணி'க்கு நான்கைந்து நாள் விடுமுறை எடுத்துக்கொள்ளுங்கள், பேருந்தில் படிக்கும் புத்தகம் இல்லை அது.

'என் சரித்திரம்' மதுரைத் திட்டம் என்ற இணைய நூலகத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பழைய பதிப்புகள் நிறைய உண்டு, பண்டாரத்தாரை அங்கே தேடிப் பாருங்கள். அதனால் காசை பிரபஞ்சனுக்கும் சிங்காரத்துக்கும் செலவழியுங்கள். சிங்காரத்தை வாங்கும்போது அவருடைய முதல் நாவலான 'கடலுக்கு அப்பால்' என்பதும் சேர்ந்து ஒரே புத்தகமாக இருக்கும் பதிப்பு கிடைக்கிறதா என்று கடையில் கேளுங்கள், தனித்தனியாக வாங்குவதைவிட அது லாபம்.